ஐந்தாவது மில்லின் பதில்

எங்கள் அணையைப் பற்றிக் கேட்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கேள்வியைத்தான் முதலில் கேட்பார்கள். தண்ணீர் எத்தனை நாள் ஓடியது? பன்னிரண்டு நாள் என்று சொல்வேன். குறித்துக்கொள்வார்கள். அந்தப் பன்னிரண்டு நாளும் அமெரிக்கப் படை கீழே சமவெளியில் ஆற்றைக் கடக்க முடியாமல் கைகட்டி நின்றது, போர் அத்தனை நாள் நீண்டது என்றெல்லாம் எனக்கே பாடம் நடத்துவார்கள். நான் காப்பி கொடுத்து அனுப்பிவிடுவேன். அன்று காலையின் பதினான்கு நிமிஷத்தைப் பற்றி இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. கேட்காததும் நல்லதுதான், எனக்கு வாய் கொஞ்சம் நீளம்.

என் கணவன் லாம்பெர்ட், எர்லே என்கிற அணையில் பதினோரு வருஷம் மதகுக் காவலனாக இருந்தான். அவனுக்குப் பிறகு அந்த வேலையைப் பார்த்தது நான், தெக்லா. அணைக்குக் கீழே ஆற்றங்கரையில் ஐந்து மில்கள் இருந்தன. மதகைத் திறக்கும் முன் ஆலைச் சங்கு ஊத வேண்டும். ஊதிவிட்டால் போதாது, ஐந்து மில்லும் பதில் சொல்ல வேண்டும். ஒவ்வொரு மில்லின் பரண் வாசலிலும் ஒரு தண்டவாளத் துண்டு தொங்கும். முதல் மில் அதைச் சுத்தியலால் ஒரு தடவை அடிக்கும், இரண்டாவது இரண்டு தடவை, ஐந்தாவது ஐந்து தடவை. ஐந்தாவது மில் ஆறு கிலோமீட்டர் கீழே இருக்கிறது. அதன் சத்தம் அணை வரைக்கும் எட்டாது என்பதால் நடுவில் இருக்கிற மில்கள் அந்த எண்ணிக்கையை வாங்கி மேலே மேலே அடித்து அனுப்பும். கீழே சொல்லச் சங்கு, மேலே சொல்ல இரும்பு. வேறு பேச்சு கிடையாது.

கடைசிப் பதில் வந்த பிறகும் அரை மணி காத்திருக்க வேண்டும். அந்த அரை மணியில் மில்காரர்கள் சக்கரக்குழியில் இறங்கி, தண்ணீர்ச் சக்கரத்தைச் சங்கிலி போட்டுக் கட்டுவார்கள். கட்டாத சக்கரம் வெள்ளத்தில் வெறிபிடித்துச் சுற்றும், அச்சோடு சேர்த்து வீட்டுச் சுவரையும் பெயர்த்துக்கொண்டு போய்விடும். 1911-ல் அணை கட்டி முடித்த நாளிலிருந்து பதில் வராமல் மதகு திறந்ததே இல்லை. ஒரு தடவை நான்காவது மில்காரர் மகள் கல்யாணத்தில் குடித்துவிட்டுத் தூங்கிப்போனார். லாம்பெர்ட் நாலு மணி நேரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மாவட்டப் பொறியாளர் தொலைபேசியில் கத்தினார். இவன் "பதில் வரலை சார்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டான். அப்படி ஒரு ஆள். அவனோடு குடித்தனம் நடத்துவது சுலபம் என்று நினைக்காதீர்கள். நான் சோறு வைக்க ஐந்து நிமிஷம் தாமதமானாலும் கடிகாரத்தைப் பார்ப்பான், என்னைப் பார்க்க மாட்டான்.

1944 அக்டோபரில் அவனைப் படைக்கு இழுத்துக்கொண்டு போனார்கள். நாற்பத்து ஆறு வயது, ஒரு காது சரியாகக் கேட்காது. நவம்பர் முழுக்கக் காட்டுக்குள் சண்டை. டிசம்பரில், கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்னால், துப்பாக்கியை ஒரு மரத்தில் சாய்த்து வைத்துவிட்டு நடந்தே வந்துவிட்டான். வீட்டுக்கு வரவில்லை. ஐந்தாவது மில்லுக்குப் போனான். அது அவன் அண்ணன் குவிரினுடைய காகித அட்டை மில். வேலைக்கு ஆள் இல்லாமல் நவம்பரிலேயே நின்றுபோன மில், சக்கரக்குழி காய்ந்து கிடந்தது. அதற்குள் வைக்கோலைப் பரப்பி, மேலே பலகையைப் போட்டு, பலகைமேல் அட்டைக் கட்டுகளை அடுக்கி அவனை ஒளித்து வைத்தார்கள். ஓடிவந்த சிப்பாய்க்கு என்ன தண்டனை என்று எல்லோருக்கும் தெரியும். ஜனவரியில் மூன்றாவது மில் பாலத்தருகே இரண்டு பேரைத் தொங்கவிட்டிருந்தார்கள், கழுத்தில் குற்றத்தை எழுதி மாட்டின பலகையோடு. ஒளித்து வைத்தவனுக்கும் அதே கயிறுதான்.

ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் போகிற சாக்கில் சைக்கிளில் அவனைப் பார்க்கப் போவேன். ரொட்டியும் பீட் கிழங்குப் பாகும் கொண்டுபோவேன். குழிக்குள் இறங்கினால் மூஞ்சியே தெரியாது, தாடியும் வைக்கோலும்தான். ரொட்டியைக் கையில் வாங்குமுன் அவன் கேட்பது ஒன்றுதான்.

"மட்டம் எவ்வளவு?"

"விளிம்புக்கு ஒரு மீட்டர் கீழே. முதல்ல சாப்பிடு."

"எல்லாம் பதிவேட்டுல எழுதுறியா?"

"இல்ல, சுவத்துல கரியால கிறுக்கி வைக்கிறேன். எழுதாம?"

"போன வாரம் மதகை ரெண்டு திருகு திறந்தியே, பதில் எல்லாம் வந்துதா?"

"வந்துது. உங்கண்ணன்தான் அஞ்சு அடிக்கிறதுக்கு அஞ்சு வருஷம் எடுத்துக்கிட்டார்."

"எடுத்துக்கட்டும். நீ காத்திருப்பேன்னு அவனுக்குத் தெரியும்ல" என்றான் லாம்பெர்ட்.

அதுதான் அவனோடு நான் பேசிய கடைசிப் பேச்சில் பாதி. மீதிப் பாதி எனக்கு மட்டும்.

பிப்ரவரி, தவக்காலம் தொடங்கும் திருநீற்றுப் புதனுக்கு முந்தின வெள்ளிக்கிழமை. பனி உருகி ஏரி நிரம்பிக்கொண்டிருந்தது. காலை எட்டரைக்கு அணைமேல் ஒரு லாரி வந்து நின்றது. எங்கள் ராணுவம்தான். ஒரு கேப்டன், எட்டுச் சிப்பாய்கள், பெட்டி பெட்டியாக வெடி. கேப்டனுக்கு முப்பது வயது இருக்கலாம். தூங்கி நாலு நாள் ஆன கண். வணக்கம் சொன்னார், தொப்பியைக்கூட எடுத்தார். வந்த வேலையையும் மறைக்கவில்லை. அணைச்சுவரை உடைக்கப் போவதில்லை. உடைத்தால் தண்ணீர் ஒரே மூச்சில் ஓடி முடிந்துவிடும், இரண்டு நாளில் எதிரி ஆற்றைக் கடந்துவிடுவான். அடிமதகுகள் இரண்டையும் வெடி வைத்து இனி மூடவே முடியாதபடி சிதைத்துவிட வேண்டும். ஏரி நாள்கணக்கில் ஒழுகும், சமவெளி முழுக்கச் சேறாகும். இதுதான் உத்தரவு. டிசம்பரில் ஆங்கிலேய விமானங்கள் மூன்று தடவை வந்து குண்டு போட்டும் சுவரில் கீறல் விழுந்ததோடு சரி. அந்த அணையை நம்மாட்களே வந்து கெடுக்கப் போகிறார்கள். எனக்கு வந்த ஆத்திரத்தை அடக்கிக்கொண்டு, முதலில் சங்கு ஊத வேண்டும் என்றேன்.

"சங்கு கிடையாது. எதிர் மலையில அமெரிக்கக்காரன் உக்காந்திருக்கான். சத்தம் கேட்டா பீரங்கியத் திருப்பிடுவான்" என்றார் கேப்டன்.

"கீழே மில்லுல ஜனம் இருக்கு."

"நவம்பர்லயே காலி பண்ணியாச்சுன்னு எங்கிட்ட காகிதம் இருக்கு அம்மா."

"காகிதம் எழுதினவர் வந்து பாத்தாரா?"

கேப்டன், உத்தரவை மீறித் தங்கியிருப்பவர்களுக்குத் தான் பொறுப்பில்லை என்கிற மாதிரி கையை விரித்தார். தொலைபேசிக் கம்பி டிசம்பர் குண்டிலேயே அறுந்துவிட்டது. என்னைக் கீழே அனுப்புங்கள், ஒரு மணி நேரத்தில் சொல்லிவிட்டு வருகிறேன் என்று கேட்டேன். அணையை விட்டு யாரும் நகரக் கூடாது என்றார். பத்து மணிக்குள் எதிரியின் டாங்குகள் ஏரி வளைவுக்கு வந்துவிடும், ஒன்பதரைக்கு வெடித்தாக வேண்டும். என் புருஷன் அங்கே குழிக்குள் கிடக்கிறான் என்று சொல்லியிருக்கலாம். நாக்கு நுனி வரைக்கும் வந்தது. சொன்னால் தண்ணீர் நிற்காது. கயிறுதான் மூன்று பேருக்குத் தயாராகும், குவிரினுக்கும் அவர் மனைவிக்கும் சேர்த்து. வாயை மூடிக்கொண்டேன்.

அப்போதுதான் காற்றுக்குழாய் நினைவுக்கு வந்தது.

அடிமதகுக்குப் பின்னால், மேலே சுவர் உச்சி வரைக்கும் ஒரு இரும்புக் குழாய் வரும். மதகைக் கொஞ்சம் திறந்தால் தண்ணீர் அதன் வழியாகக் காற்றை உறிஞ்சும், குழாய் ஊளையிடும். சங்கு வாங்குவதற்கு முந்தின காலத்தில் அந்த ஊளைதான் சங்கு. மதகுத் திருகைக் கால் சுற்று திறந்து ஊளையிட வைத்து, மூடிவிட்டு, பதிலுக்குக் காத்திருப்பார்கள். 1929-ல் நிஜச் சங்கு வந்தது. ஊளை பூசையைக் கெடுக்கிறது என்று பங்குச் சாமியார் நச்சரித்ததால், லாம்பெர்ட் பிறகு ஒரு மரப்பெட்டி நிறைய ஆட்டுமயிரை அடைத்துக் குழாய் வாயில் மாட்டிவிட்டான். பெட்டியைக் கழற்றினால் ஊர் முழுக்கக் கேட்கும். மில்காரர்கள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள்.

கேப்டனிடம் போய், வெடி வைக்கும் முன் இரண்டு மதகையும் கால் திருகு திறந்து காற்றை விட வேண்டும், இல்லாவிட்டால் நிறைந்த ஏரியின் அழுத்தத்தில் குழாய் கிழிந்து சுவரே விரிந்துவிடும், அணை ஒரே மூச்சில் போய்விடும் என்றேன். பாதி உண்மை, பாதி என் கைச்சரக்கு. கேப்டன் பக்கத்திலிருந்த சார்ஜன்ட் வென்ட்ஸலைப் பார்த்தார். வென்ட்ஸல் போருக்கு முன் கெம்னிட்ஸ் நகரத்தில் குடிநீர்க் குழாய் வேலை பார்த்தவர் என்று வந்ததுமே சொல்லியிருந்தார். ஐம்பது வயது, அடிபட்டு வளைந்த மூக்கு. அவர் குழாயைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார்.

"அம்மா சொல்றது சரிதான் கேப்டன். காத்து விடணும்" என்றார்.

பெட்டியை நானே கழற்றினேன். திருகுச் சக்கரத்தை வென்ட்ஸலும் நானும் சேர்ந்து திருப்பினோம். முதலில் குழாய் பெருமூச்சு விட்டது, பிறகு முனகியது, பிறகு ஊளையிட்டது பாருங்கள், சிப்பாய்களில் இரண்டு பேர் தரையில் படுத்தே விட்டார்கள். கேப்டன் என்னைப் பார்த்த பார்வையில் எல்லாம் புரிந்துகொண்டுவிட்டார் என்று தெரிந்தது. மூடச் சொல்லிக் கத்தினார். மூடினேன். மணி ஒன்பது இருபது. எனக்கு உள்ளுக்குள் சிரிப்பு. கெட்டிக்காரி தெக்லா, ராணுவத்தையே ஏமாற்றிவிட்டாய் என்று என்னையே மெச்சிக்கொண்டேன்.

ஒன்பது இருபத்து நாலுக்கு முதல் மில்லிலிருந்து ஒரு அடி கேட்டது. மரம் அறுக்கிற மில். அங்கே ஒரு விதவை மட்டும்தான், வீட்டை விட்டு வர மாட்டேன் என்று தங்கிவிட்டாள். இருபத்து ஆறுக்கு இரண்டு அடி. இருபத்து ஒன்பதுக்கு மூன்று. கேப்டன் காது கொடுத்துக் கேட்டார்.

"என்ன அது?"

"காலி பண்ணின ஊரு பதில் சொல்லுது" என்றேன்.

நான்காவது மில் அந்த வாரம்தான் குண்டில் எரிந்துபோனது, அதிலிருந்து வராது. இனி ஐந்துதான் வர வேண்டும். முப்பது ஆயிற்று. முப்பத்து இரண்டு. அங்கே நின்றபடி லாம்பெர்ட் இப்போது என்ன செய்துகொண்டிருப்பான் என்று யோசித்தேன். ஊளையைக் கேட்டு குவிரின் பலகையை நீக்கியிருப்பார். இவன் மேலே வந்திருப்பான். வந்தவன் ஓடுவானா?

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவன் ஓட மாட்டான். பதில் அடிக்காத வரைக்கும் மதகு திறக்காது என்று அவனுக்குத் தெரியும். பதில் அடித்த பிறகும் அரை மணி இருக்கிறது என்றும் தெரியும். நாலு மணி நேரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் அல்லவா. அவசரமே படமாட்டான். நான் அவனை எழுப்பிவிட்டு, கையில் இல்லாத நேரத்தை இருக்கிறது என்று சொல்லி ஏமாற்றியிருக்கிறேன்.

கேப்டனின் கையைப் பிடித்துவிட்டேன்.

"அஞ்சாவது பதில் வரணும். அது வந்து அரை மணி ஆகணும். அதுக்கு முன்னால திறக்கக் கூடாது."

"யார் இருக்கா அங்கே?"

"என் புருஷனோட அண்ணன் குடும்பம்" என்றேன். அதுவும் பொய் இல்லை.

அவர் கையை விடுவித்துக்கொள்ளவில்லை. கடிகாரத்தை என் முகத்துக்கு நேராகத் திருப்பிக் காட்டினார். "என்னோட நேரம் ஏற்கெனவே முடிஞ்சு போச்சு. டாங்க் சத்தம் கேக்குதா உங்களுக்கு? எனக்குக் கேக்குது."

எனக்கும் கேட்டது. மேற்கே மலைக்குப் பின்னால், கற்களை அரைக்கிற மாதிரி. வென்ட்ஸல் அப்போது வெடிக்கம்பியைக் கையில் எடுத்து, நனைந்திருக்கிறது, மாற்ற வேண்டும் என்றார். நனைந்திருக்கவில்லை என்று கேப்டனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஒரு ஐந்து நிமிஷம் அவர் அந்தக் கம்பியைச் சுற்றினார், அவிழ்த்தார், மறுபடி சுற்றினார். அதற்குமேல் அந்த மனிதரால் முடியவில்லை. எங்களை எல்லாம் சுவருக்குள் இருக்கிற காவல் அறையில் தள்ளி இரும்புக் கதவைச் சாத்தினார்கள். ஒன்பது நாற்பதுக்கு வலது மதகு வெடித்தது. தரை காலுக்குக் கீழே நழுவியது. அதைத் தொடர்ந்து வந்த சத்தத்தை நான் பதினோரு வருஷத்தில் கேட்டதில்லை. ஏரி முழுக்க ஒரே நேரத்தில் எழுந்து நடப்பது போல் இருந்தது.

இடது மதகின் வெடி வெடிக்கவில்லை. எப்போது வேண்டுமானாலும் வெடிக்கலாம் என்பதால் கதவைத் திறக்கக் கூடாது என்றார்கள். நான் கதவை உதைத்தேன், கெட்ட வார்த்தை சொன்னேன், ஒரு சிப்பாயின் காதைப் பிய்த்தேன் என்று பிறகு சொன்னார்கள். வென்ட்ஸல் மட்டும் வெளியே போய்க் கம்பியைச் சரி செய்துவிட்டு வந்தார். ஐம்பத்து மூன்றுக்கு இரண்டாவதும் வெடித்தது. கதவு திறந்தது. முதல் வேலையாகச் சங்கைப் பார்க்க ஓடினேன். இனி யாருக்குப் பயப்பட வேண்டும்? சங்குக்குக் காற்று கொடுக்கிற குழாய் மதகுக் கோபுரத்தோடு சேர்ந்து பிய்ந்து தொங்கியது. கைப்பிடியை இழுத்தேன். புஸ்ஸென்று ஒரு சத்தம், அவ்வளவுதான்.

அப்போது கேட்டது. தண்ணீர் இரைச்சலுக்கு நடுவிலும் இரும்புச் சத்தம் தனியாகக் கேட்கும், அதற்காகத்தான் அந்தக் காலத்தில் இரும்பைத் தேர்ந்தெடுத்தார்கள். முதல் மில்லின் விதவை, கீழ்த்தளம் முழுக்க வெள்ளத்தில் மூழ்கியிருக்க, பரணில் நின்றுகொண்டு, தனக்கு வந்து சேர்ந்த எண்ணிக்கையை எனக்கு அடித்து அனுப்பினாள். ஒன்று. இரண்டு. மூன்று. நான்கு. ஐந்து. ஒன்றுகூடக் குறையவில்லை. ஐந்தாவது மில் தயார், நீ திறக்கலாம் என்று சொல்லிவிட்டான் லாம்பெர்ட். மணி ஒன்பது ஐம்பத்து நாலு. தண்ணீர் புறப்பட்டுப் பதினான்கு நிமிஷம் ஆகியிருந்தது.

சைக்கிளை எடுத்தேன். கேப்டன் பார்த்தார், தடுக்கவில்லை. சரிவில் பிரேக்கைத் தொடாமல் ஓட்டினேன், பனிச்சேற்றில் இரண்டு தடவை விழுந்தேன். ஆறு எனக்குப் பக்கத்திலேயே ஓடியது. பழுப்பு நிறம், வேலிக்கம்பங்கள், ஒரு கோழிக்கூண்டு, முழுசாக ஒரு மரம். தண்ணீர் ஐந்தாவது மில்லைத் தொட நாற்பது நிமிஷம் பிடிக்கும் என்று எனக்குக் கணக்குத் தெரியும். அப்படியானால் பத்து மணி இருபதுக்கு அவனைத் தொடும். அவன் கணக்கில் பத்து இருபத்து நாலு வரைக்கும் மதகே திறந்திருக்காது.

மூன்றாவது மில்லில் சாலை பாலத்தைக் கடந்து மறு கரைக்குப் போகிறது. நான் போய்ச் சேர்ந்தபோது பாலம் இல்லை. இந்தக் கரையில் அதைத் தாண்டினால் பாறை நேராக ஆற்றில் இறங்கிவிடும், ஆடுகூடப் போக முடியாது. மூன்றாவது மில் இந்தக் கரையில்தான் இருக்கிறது. ஏணியில் பரணுக்கு ஏறினேன். அங்கிருந்த கிழவர் கையிலிருந்து சுத்தியலைப் பிடுங்கிக்கொண்டு தண்டவாளத்தை அடிக்க ஆரம்பித்தேன். என்ன எண்ணிக்கை அடிப்பது? தண்ணீர் வந்துவிட்டது, ஓடு என்பதற்கு இரும்பில் எண்ணிக்கை கிடையாது. இரும்பு மேலே சொல்லத்தான், கீழே சொல்ல அல்ல. சும்மா அடித்தேன். விடாமல் அடித்தேன். உள்ளங்கை கிழிந்து பிடி வழுக்கியது. கிழவர் பக்கத்தில் நின்று, "எத்தனைம்மா? எத்தனை அடிக்கிற?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

தண்ணீர் வடியப் பன்னிரண்டு நாள் ஆயிற்று. அதற்குள் எங்கள் பக்கம் அமெரிக்கக்காரர்கள் வந்துவிட்டார்கள். அந்தக் கேப்டனும் வென்ட்ஸலும் என்ன ஆனார்கள் என்று எனக்குத் தெரியாது. பதின்மூன்றாம் நாள் கயிற்றைப் பிடித்துக்கொண்டு ஆற்றைக் கடந்து ஐந்தாவது மில்லுக்கு நடந்தேன். தூரத்திலிருந்தே வீடு தெரிந்தது. ஜன்னல் மட்டத்துக்குச் சேறு, ஆனால் ஒரு சுவர்கூட விழவில்லை. அந்தப் பக்கத்தில் முழுசாக நின்ற வீடு அது ஒன்றுதான். வீடு நிற்பதைப் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது. சங்கிலி போடாமல் அந்த வீடு நின்றிருக்காது.

குவிரின் வாசல்படியில் உட்கார்ந்திருந்தார். எழுந்திருக்கவில்லை. ஊளை கேட்டபோது ராணுவப் போலீஸ் வண்டி முற்றத்தில் நின்றிருந்தது, அது போகிற வரைக்கும் பலகையைத் தொட முடியவில்லை என்றார். அது போனதும் தம்பியை வெளியே எடுத்தார். கொல்லைவழியாக மலைக்கு ஓடிவிடு என்றுதான் சொன்னாராம்.

"அவன் கேக்கலை தெக்லா. முதல்ல போய் அடி, தெக்லா காத்துக்கிட்டிருப்பா, பாவம்னான். அடிச்சேன். உனக்கு இடுப்பு வலி, நீ குழிக்குள்ள எறங்காத, சங்கிலிய நானே போட்டுட்டு அப்புறம் மலைக்குப் போறேன்னான். அரை மணி இருக்கே, என்ன அவசரம்னு சிரிச்சான்."

நான் இரும்பை அடித்தது கேட்கவில்லையா என்று கேட்டேன்.

"கேட்டுது. எந்த மில்லுன்னு எண்ணினேன். பதினேழு வரைக்கும் எண்ணினேன்" என்றார்.

குழியைத் தோண்ட இரண்டு நாள் ஆயிற்று. சங்கிலி இரண்டு சுற்று சுற்றி, ஆணி முழுசாக இறங்கியிருந்தது. கொக்கியைத் துணியால் துடைத்துக்கூட வைத்திருப்பான், அவன் புத்தி அப்படி. அந்த ஆளைப் போல நம்புகிற ஒரு முட்டாளை நான் பார்த்ததில்லை. அவன் நம்பியது சட்டத்தை இல்லை, ராணுவத்தை இல்லை, என்னை. கோபத்தில் சேற்றைக் கையால் அடித்து அழுதேன். இன்றைக்கும் அந்தக் கோபம் ஆறவில்லை.

அடுத்த வருஷம் புது மதகு பொருத்துவதற்கு முன் பதிவேட்டைச் சரிபார்க்க மாவட்டத்திலிருந்து ஒரு பொறியாளர் வந்தார். சின்ன வயது, சுத்தமான காலர், காதில் பென்சில். 1911-லிருந்து பக்கம் பக்கமாகப் புரட்டினார். ஒவ்வொரு திறப்புக்கும் எதிரே ஐந்து பதில்களின் நேரம். கடைசிப் பக்கத்தில் பென்சிலை வைத்து நிறுத்தினார்.

"ஒரு சின்னத் தப்பு இருக்கு அம்மா. திறப்பு ஒன்பது நாப்பதுன்னு போட்டிருக்கீங்க. அஞ்சாவது மில் பதில் ஒன்பது அம்பத்து நாலுன்னு இருக்கு. பதில் வந்த பிறகுதானே திறப்பாங்க? நேரம் மாறிப் போயிருக்கு. திருத்திடட்டுமா?"

பதிவேட்டை அவர் கையிலிருந்து வாங்கி மூடினேன்.

"மாறலை தம்பி. சரியாத்தான் எழுதியிருக்கேன்."